யாரும் மீட்டாத காந்தாரம்

அன்புள்ள தம்பி,

நீ அனுப்பிய தோடி ஆலாபனையைக் கேட்டேன். கூடவே செல்போன் செயலி வரைந்த கோட்டுப் படத்தையும் வைத்திருந்தாய். காந்தாரம் கோட்டில் நிற்கவே மாட்டேன் என்கிறது, என்ன செய்வது என்று கேட்டிருந்தாய். ஒன்றும் செய்யாதே. தோடி காந்தாரம் அசையத்தான் வேண்டும். ரிஷபத்துக்கும் மத்தியமத்துக்கும் நடுவே ஊசலாடும் அந்தக் கமகம்தான் ராகத்தின் உயிர். அது நேர்கோட்டில் நின்றிருந்தால்தான் நீ கவலைப்பட வேண்டும்.

செயலிகள்மேல் எனக்குக் கோபமில்லை. ரயிலில் தம்புராவைத் தூக்கிக்கொண்டு ஊர் ஊராகப் போன தலைமுறையைக் கேட்டுப்பார், குடத்தில் விரிசல் விழுந்த கதை ஆளுக்கொன்று சொல்வார்கள். சட்டைப்பையில் தம்புராச் செயலியாகச் சுருதி கிடைப்பது வரம்தான்.

என் சங்கடம் வேறு. பிட்ச் காட்டும் செயலிகளில் பல, ஒரு ஸ்தாயியை 1200 சென்ட் என்று வைத்துக்கொண்டு 12 சம பங்காகப் பிரித்து அளப்பவை. தோடியை விட்டு வேறு காந்தாரத்துக்கு வருவோம்: அந்தக் கணக்கில் அந்தர காந்தாரத்தின் இடம் 400. இப்போது ஒரு நல்ல தம்புராவை எடு. தந்திக்கடியில் ஜீவா நூலைச் சரியாக வைத்து, மந்தர ஷட்ஜத் தந்தியை மட்டும் மீட்டிக் கேள். யாரும் மீட்டாத ஒரு காந்தாரம் அதற்குள்ளிருந்து எழும். தந்தி முழுசாக அதிரும்போதே ஐந்து பாகமாகவும் அதிர்வதால் பிறப்பது அது. ஸ்வயம்பு காந்தாரம் என்கிறோமே, அதேதான். அதன் இடம் ஏறக்குறைய 386. அதோடு இழைந்து நீ பாடினால், 14 சென்ட் இறங்கிவிட்டாய் என்று செயலி குற்றம் சொல்லும். யாரை நம்புவாய்?

386 என்பது இப்போது உனக்குத் தெரியும். அதனால் உன் காந்தாரம் ஓர் இழைகூட நகர்ந்திருக்காது. ஒன்றைப் பற்றித் தெரிந்திருப்பது வேறு, அதைச் செய்யத் தெரிந்திருப்பது வேறு என்று தத்துவவாதி கில்பர்ட் ரைல் 1949இல் புத்தகம் எழுதி வாதாடினார். பாட்டுக்காரர்களுக்கு அது பழைய சேதி. 1904இல் சுப்பராம தீட்சிதர் ‘சங்கீத சம்பிரதாய பிரதர்சினி’யை எட்டயபுரத்தில் அச்சேற்றியபோது கமகங்களுக்கெல்லாம் தனித்தனிக் குறி போட்டார். பெரிய உபகாரம். ஆனால் அந்தக் குறியைப் பாட்டாக்க, அந்தக் கமகத்தை முன்பே கேட்டுப் பழகிய காது வேண்டும். எந்தக் குறியை எப்படிப் பாடுவது என்று வித்வான்கள் இன்றைக்கும் மல்லுக்கு நிற்கிறார்கள்.

தம்புராவைச் சேர்த்துப் பார்த்தால் நான் சொல்வது புரியும். இரண்டு சாரணித் தந்திகளும் ஒட்டாதபோது ஓர் அலைவு கேட்கும். பிருடையைத் திருப்பத் திருப்ப அது மெதுவாகி, சேர்ந்ததும் அடங்கிவிடும். எங்கே நிறுத்துவது என்று ஒவ்வொரு நொடியும் காதுதான் தீர்ப்புச் சொல்கிறது. தம்புராச் செயலியில் சேர்ந்த சுருதி தயாராகவே வருகிறது, காதுக்கு அங்கே வேலையில்லை. வேலை கொடுக்காத காது, மேடையில் மிருதங்கம் இறங்கினாலும் கண்டுகொள்ளாது.

மார்கழிக்கு இன்னும் நாளிருக்கிறது. தினமும் சாதகத்துக்கு முன் தம்புராவை நீயே சேர். செயலியை அதன்பிறகு போட்டு ஒத்துப்பார். இரண்டும் வேறுபட்டால், எது சரி, ஏன் சரி என்று நீயே முடிவு செய்து எனக்கு எழுது.

அன்புடன்,
உன் அண்ணன்