பாக்கெட் தொலையலை, க்யூவுல நிக்குது

போன செமஸ்டர் நெட்வொர்க்ஸ் லேப் மினி ப்ராஜெக்டுக்கு, யூடிபி மேல நானே ஒரு ஃபைல் டிரான்ஸ்ஃபர் ப்ரோக்ராம் எழுதினேன். லாஜிக் சிம்பிள்: ஒரே மூச்சுல 500 பாக்கெட் அனுப்பு; 200 மில்லிசெகண்டுக்குள்ள எதுக்கெல்லாம் அக்னாலட்ஜ்மென்ட் வரலையோ, அதையெல்லாம் உடனே திரும்ப அனுப்பு. ரெண்டு லேப்டாப்புக்கு நடுவுல பறந்துச்சு. ஹாஸ்டல்ல ஆறு பேர் ஒரே ஹாட்ஸ்பாட்ல ஓட்டினப்போ யாருக்குமே ஃபைல் போய்ச் சேரலை. ராத்திரி முழுக்க கோட்ல பக் தேடினேன். பக் எதுவும் இல்லை. 1986-ல இன்டர்நெட்டே மாட்டிக்கிட்ட இடத்துலதான் நானும் மாட்டியிருந்தேன்.

அந்த அக்டோபர்ல, அமெரிக்காவுல லாரன்ஸ் பெர்க்லி ஆய்வகத்துக்கும் கலிஃபோர்னியா பல்கலைக்கழகத்தோட பெர்க்லி கேம்பஸுக்கும் நடுவுல நொடிக்கு 32 கிலோபிட் போயிட்டிருந்த டேட்டா, 40 பிட்டா விழுந்துச்சு. அதாவது நொடிக்கு ஐந்து எழுத்து! இடையில இருந்த தூரம் சுமார் 400 கஜம். பேப்பர்ல எழுதி கையில கொண்டுபோய்க் கொடுத்திருந்தா சீக்கிரம் போயிருக்கும்.

ஒயர் எதுவும் அறுந்துபோகலை. 1981-ல வந்த ஆர்எஃப்சி 793-தான் அப்போ டிசிபிக்கு ஸ்டாண்டர்ட். வாங்குற மெஷின்ல எவ்வளவு இடம் இருக்குன்னு கேட்டுக்கிட்டு அனுப்ப அதுல வழி இருந்துச்சு. நடுவுல இருக்குற ரோடு தாங்குமான்னு கேட்க வழி இல்லை. டோல்கேட்ல வண்டி க்யூவுல நிக்குது. வீட்டுல இருக்குறவர் "வண்டியைக் காணோமே"ன்னு இன்னொரு வண்டியை அனுப்புறார். க்யூ இன்னும் நீளுது, அவர் இன்னொண்ணு அனுப்புறார். கடைசியில ரோடு முழுக்க காப்பிதான். இப்படி ஆகும்னு ஜான் நேகிள் 1984-லயே ஆர்எஃப்சி 896-ல எழுதி வெச்சிருந்தார்.

வேன் ஜேக்கப்சன், மைக்கேல் கேரல்ஸ் ரெண்டு பேரும் 1988-ல சொன்ன தீர்வுக்கு ரவுட்டர்ல கைவைக்கவே வேண்டாம். அனுப்புறவர் நடந்துக்கிற விதம் மாறினா போதும். முதல்ல ஒரே ஒரு பாக்கெட். பதில் வந்தா 2, அப்புறம் 4, 8. (இதுக்குப் பேரு 'ஸ்லோ ஸ்டார்ட்'! யார் வெச்ச பேரோ.) பாக்கெட் தொலைஞ்சா, ரோடு நிறைஞ்சிருச்சுன்னு அர்த்தம். போயிட்டிருந்த அளவுல பாதியை எல்லையா குறிச்சுக்கிட்டு, மறுபடி ஒண்ணுல ஆரம்பி. எல்லையைத் தொட்டதும் ஒரு சுற்றுக்கு ஒண்ணு மட்டும் கூட்டு.

1989-ல ஆர்எஃப்சி 1122 இதைக் கட்டாயம்னு எழுதிருச்சு. ஆனா கட்டாயம்னா என்ன? உங்க மெஷின் இதை ஃபாலோ பண்ணுதான்னு வந்து செக் பண்ண யாரும் கிடையாது. ஃபாலோ பண்ணாதவனுக்குக் கொஞ்ச நேரம் லாபம்கூட உண்டு, மத்தவங்க ஒதுங்கி வழி விடுவாங்களே! யூடிபியில இந்தக் கட்டுப்பாடு உள்ளேயே இல்லை, எழுதுறவங்கதான் சேர்க்கணும். 2017-ல வந்த ஆர்எஃப்சி 8085 சொல்றது இதைத்தான். நான் அதைப் படிச்சது ப்ராஜெக்ட் படுத்ததுக்கு அப்புறம்.

இப்போ என் ப்ரோக்ராம் ஒரு பாக்கெட்ல ஆரம்பிக்குது, ஒவ்வொரு டைம்-அவுட்டுக்கும் காத்திருக்குற நேரத்தை டபுள் ஆக்குது. தனியா ஓட்டினா பழசைவிட ஸ்லோதான். ஆறு பேர் சேர்ந்து ஓட்டினா ஆறு ஃபைலும் வந்து சேருது.