இரண்டு ஓட்டு வித்தியாசம்

சபாநாயகர்னா கத்துற உறுப்பினர்களை உட்கார வைக்கிறவர், அவ்வளவுதான்னு நினைச்சிருந்தேன். நான் படிப்பதோ பொறியியல்!

டான் ஸ்ரீ முகமட் அரிஃப் முகமட் யூசோப் வழக்கறிஞர். மேல்முறையீட்டு நீதிமன்ற நீதிபதியாகி, ஓய்வுக்குப் பின் 2018 ஜூலையில் மக்களவை சபாநாயகரானார். இரு தரப்பையும் கேட்டபிறகே முடிவு சொல்லும் நீதிமன்றப் பழக்கம் இந்த நாற்காலிக்கும் வேணும்.

ஆனா பாதுகாப்பு ஒண்ணு இல்லை. நீதிபதியை நீக்க அரசியலமைப்புப்படி தனி நடுவர் மன்றம் அமைக்கணும். சபாநாயகரை நீக்க அவையில் சாதாரணப் பெரும்பான்மையே போதும். 2020 ஜூலை 13-இல் அதுதான் நடந்தது: 111-க்கு 109.

அதற்கு ஓராண்டு முன், 2019 ஜூலை 16-இல், அவர் சபாநாயகராக இருந்தபோதுதான் ஓட்டு வயதை 18 ஆக்கும் திருத்தம் 211 ஓட்டில் நிறைவேறியது. எதிர்த்து ஒருவரும் இல்லை. பாசிர் பெனம்பாங்கில் என் தம்பிக்கு இப்போ 18. பதிவுக்கு அலைய வேண்டாம், பேரு தானாகவே பட்டியலில் ஏறிடும்.