பித்த வழியில் ஓர் அடைப்பு

மஞ்சள் காமாலை என்றதும் கீழாநெல்லியைத் தேடுவது நம் வீடுகளில் பழகிய வழக்கம். புரோத்ராபூரில் இருக்கும் என் அத்தைக்குக் கண்கள் மஞ்சளித்தபோதும் அதுவே நடந்தது. இரண்டு வாரம் கடந்தும் மஞ்சள் இறங்கவில்லை. உடலெங்கும் அரிப்பு; மலமோ சுண்ணாம்பு போல வெளுத்திருந்தது. ஸ்கேன் பார்த்த மருத்துவர், பித்த நாளத்தில் கல் அடைத்திருக்கிறது, சென்னைக்குப் போய் ஈ.ஆர்.சி.பி. செய்துகொள்ளுங்கள் என்றார்.

"நீ சயன்ஸ் படிக்கிறாயே, அது என்னப்பா?" என்று அத்தை கேட்டார். எனக்குத் தெரியவில்லை. அந்த வெட்கத்தில் தேடிப் படித்ததையே நண்பர்களுக்கு இங்கே எழுதுகிறேன்.

கல்லீரலில் ஊறும் பித்தநீரும் கணையத்தில் சுரக்கும் செரிமான நீரும் தனித்தனிக் குழாய்களில் வந்து, முன்சிறுகுடலின் சுவரில் உள்ள காம்பு போன்ற சிறு மேட்டில் வெளிப்படுகின்றன. பெரும்பாலோருக்கு இரண்டுக்கும் வாசல் ஒன்றே. இம்முறையின் பயன், ஆபத்து இரண்டும் அந்த ஒரு வாசலில்தான் இருக்கின்றன என்பேன்.

வளையும் குழாய் ஒன்றை வாய்வழியே குடல்வரை இறக்குவார்கள். மேடு பக்கச் சுவரில் இருப்பதால், குழாயின் கண்ணும் பக்கவாட்டிலேயே அமைந்திருக்கிறது. அதனூடே நுண்குழலைச் செலுத்திச் சாயம் பாய்ச்சி எக்ஸ்ரேயில் பார்ப்பார்கள். 1968-இல் அமெரிக்க நாட்டு மக்கியூனும் அவர் தோழர்களும் இதனை முதலில் அறிவித்தனர். அன்று அது காண்பதற்கு மட்டுமே உதவியது. 1974-இல் ஜப்பானில் கவாயும், ஜெர்மனியில் கிளாசன், டெம்லிங் இருவரும், வாசலின் தசையை மின்கம்பியால் அறுத்துக் கல்லை எடுக்க வழி கண்டனர். வயிற்றைக் கிழிக்காமலே கல் வெளிவந்தது! நாளத்தில் சீழ் பிடித்துக் கடுங்காய்ச்சலில் கிடப்பவருக்கு இது உயிர் காக்கும் சிகிச்சை. புற்றுநோய் அடைத்த வழியிலும் சிறு குழாய் வைத்துப் பித்தத்தை வடியவிடலாம்.

ஆனால் அதே வாசலைச் சீண்டுவதால் கணையம் வெகுண்டெழுவதும் உண்டு. நூற்றில் மூவர் முதல் பத்துப் பேர்வரை கணைய அழற்சிக்கு ஆளாகின்றனர். பெரும்பாலோருக்குச் சில நாட்களில் தணிந்துவிடும். சிலருக்கு உயிருக்கே உலை வைக்கும். இரத்தப் பெருக்கு, குடலில் துளை, தொற்று ஆகியவை அதைவிடக் குறைவு. ஆகவேதான் இன்று வெறுமனே பார்ப்பதற்கு இதைச் செய்வதில்லை, அதற்கு எம்.ஆர்.ஐ. படம் போதும். ஆசனவாயில் இண்டோமெதசின் மருந்து வைத்தால் அழற்சி குறைகிறது. "கல் இருப்பது உறுதிதானா?" என்று கேட்க நாம் கூசவேண்டியதில்லை.

அத்தைக்குக் கல் எடுத்தாயிற்று. மறுநாள் கப்பலுக்கு அத்தான் டிக்கெட்டே வாங்கிவிட்டார். மருத்துவர் ஒப்பவில்லை. அன்றிரவே அத்தைக்கு வயிற்றுவலி முதுகுவரை பாய்ந்தது, கணைய அழற்சிதான். ஐந்து நாள் மருத்துவமனையில் கிடந்து தேறினார். கடலில் ஏறக்குறைய மூன்று நாள் செல்லும் பயணம் அது. ஏறியிருந்தால் என்ன ஆகியிருக்கும் என்று அத்தான் இன்னும் வாய்விட்டுச் சொல்வதில்லை.

நாளத்தில் ஒரு பிளாஸ்டிக் குழாய் வைத்திருக்கிறார்கள். நாட்பட்டால் அதுவும் அடைத்துக்கொள்ளும்; மூன்று மாதத்தில் எடுத்துவிடவேண்டும். வீட்டு நாட்காட்டியில் அந்தத் தேதியை அத்தையே சிவப்பு மையால் சுழித்து வைத்திருக்கிறார்.