ஜூலியட் கேட்டது ‘எங்கே’ அல்ல!

கேள்வி: ‘வேர்ஃபோர்’ என்ற பழைய ஆங்கிலச் சொல்லுக்கு ‘எங்கே’ என்றுதானே பொருள்?
– கல்லூரி மாணவி, திருநெல்வேலி

பதில்: இல்லை. ‘ஏன்’, ‘எதற்காக’ என்பதே பொருள். ஷேக்ஸ்பியரின் ‘ரோமியோ அண்ட் ஜூலியட்’ நாடகத்தில், 2-ஆம் அங்கம் 2-ஆம் காட்சியில், மாடத்தில் நிற்கும் ஜூலியட் இச்சொல்லைச் சொல்லிக் காதலனைத் தேடுவதாகப் பலர் நினைக்கிறார்கள். பகைக் குடும்பத்துப் பெயரை அவன் ஏன் சுமக்க வேண்டும் என்பதே அவள் வேதனை. அதனால்தான் அடுத்த வரியிலேயே தந்தையையும் பெயரையும் துறக்கச் சொல்கிறாள். ‘எங்கே’ என்று படித்தால் அந்தத் தவிப்பே தொலைந்துபோகும்.

இன்று இச்சொல் பேச்சில் இல்லை. அமெரிக்க நீதிமன்ற மனுக்களின் முடிவில், ‘ஆகையால்’ என்ற பொருளில் கோரிக்கையைத் தொடங்கிவைக்கிறது. பழைய நாடகங்களைப் படிக்கும்போது அடிக்குறிப்புகளைத் தாண்டிப் போகாதீர்கள்.