பொன்னியின் செல்வனுக்குப் பிறகு எதைப் படிப்பது?

ஐந்து பாகங்களையும் முடித்துவிட்டுக் கடைக்குப் போய், "இதே மாதிரி இன்னொன்று கொடுங்கள்" என்று கேட்டால் இன்னொரு ராஜா கதை கைக்கு வரும். அது ஒட்டாமல் போனால் வாசிப்பே நின்றுவிடுகிறது. அதைத் தவிர்க்கச் சில குறிப்புகள்:

1. கடைசிப் பக்கத்தை மூடிய அன்றே, எது பிடித்தது என்று ஒரு சீட்டில் எழுதி வையுங்கள். வந்தியத்தேவனின் துடுக்கா, நந்தினியின் வஞ்சமா, ஆதித்த கரிகாலன் கொலையின் மர்மமா? பதிலைப் பொறுத்து அடுத்த புத்தகம் மாறும்.

2. கல்கியின் நடையே பிடித்தது என்றால் 'சிவகாமியின் சபதம்', 'பார்த்திபன் கனவு' இரண்டும் இருக்கின்றன. கல்கி முதலில் எழுதியது பார்த்திபன் கனவு. ஆனால் கதை நடக்கும் காலத்தில் சிவகாமியின் சபதம்தான் முந்தியது. அதையே முதலில் எடுங்கள். அதில் மாமல்லரின் இளமையை அறிந்தபின் பார்த்திபன் கனவில் அவரை மன்னராகச் சந்திக்கும்போது மனம் கனக்கும்.

3. பொன்னியின் செல்வன் பாத்திரங்களெல்லாம் பிறகு என்ன ஆனார்கள் என்று மனம் அடித்துக்கொள்கிறதா? கல்கியின் முடிவுரையைப் புரட்டித் தள்ளாமல் படியுங்கள். கொஞ்சம் அவரே சொல்கிறார். விக்கிரமனின் 'நந்திபுரத்து நாயகி' விட்ட இடத்திலிருந்து கதையைத் தொடர்கிறது. ராஜேந்திர சோழனுக்கு அகிலனின் 'வேங்கையின் மைந்தன்'. 1963இல் சாகித்திய அகாதெமி பரிசு பெற்ற நாவல்.

4. கடலும் சண்டையும் வேண்டுவோருக்குச் சாண்டில்யனின் 'கடல் புறா', 'யவன ராணி'. சிருங்கார வர்ணனை தாராளம். பள்ளிப் பிள்ளைகளிடம் கொடுக்குமுன் நீங்கள் ஒருமுறை புரட்டிப் பார்த்துவிடுங்கள்.

5. கொலை மர்மத்தில் சிக்கியவர்கள் நாவலைத் தேடி அலைய வேண்டாம், வரலாற்றுக்குள்ளேயே இறங்கலாம். காட்டுமன்னார்கோயில் அனந்தீசுவரர் கோயிலில் ராஜராஜனின் இரண்டாம் ஆட்சியாண்டுக் கல்வெட்டு ஒன்று இருக்கிறது. கரிகாலனைக் கொன்ற துரோகிகளின் உறவினருடைய நிலங்களைப் பறிமுதல் செய்த செய்தி அதில் வருகிறது. நாவலில் சதி செய்யும் ரவிதாசன் அங்கே நிஜப் பெயராக நிற்கிறான்! உடையார்குடிக் கல்வெட்டு என்று தேடினால் அதைப் பற்றிய விவாதங்கள் கிடைக்கும். நீலகண்ட சாஸ்திரியின் 'சோழர்கள்', சதாசிவ பண்டாரத்தாரின் 'பிற்காலச் சோழர் சரித்திரம்' இரண்டையும் பக்கத்தில் வைத்துக்கொள்ளுங்கள். பண்டாரத்தார் நூல் படிக்க எளிது.

6. காசு கொடுக்குமுன் நூலகத்தில் எடுத்து, நடுவிலிருந்து இருபது பக்கம் படித்துப் பாருங்கள். முதல் அத்தியாயத்தை எல்லோரும் கவனமாக எழுதிவிடுவார்கள். நடை தொய்வது நடுவில்தான் தெரியும். கல்கியின் நூல்கள் நாட்டுடைமை ஆனவை. மதுரைத் திட்டத்தின் இணையதளத்தில் இலவசமாகவே படிக்கலாம்.

7. நண்பரிடம் யோசனை கேட்கும்போது, அவருக்குப் பிடித்த பாத்திரம் யார் என்று முதலில் கேளுங்கள். பூங்குழலியை நேசித்தவரும் பெரிய பழுவேட்டரையரை நேசித்தவரும் சொல்லும் புத்தகங்கள் ஒன்றாக இருக்காது.

8. பாலகுமாரனின் 'உடையார்' ஆறு பாகம். தஞ்சைப் பெரிய கோயில் எழும்பும் கதை. சாகசம் குறைவு, சிந்தனையும் பேச்சும் அதிகம். அருமையான நூல்தான், ஆனாலும் பொன்னியின் செல்வனை முடித்த கையோடு தொடங்காதீர்கள். இடையில் கு.அழகிரிசாமியின் சிறுகதைகளைப் பத்து நாள் படித்துவிட்டு எடுங்கள். அப்போது வந்தியத்தேவனை அதில் தேட மாட்டீர்கள்.