அருகு வரப்போடு நிற்கட்டும்

மணமக்களை அருகுபோல் வேரோடி வாழ்க என்று வாழ்த்துவது நம் வழக்கம். அதே அருகு தோட்டத்தில் வேரோடிவிட்டால் களையெடுக்கும் கூலியே வருமானத்தை விழுங்கிவிடும். எனவே இப்புல்லை எங்கே விட்டுவைப்பது, எங்கே ஒழிப்பது என்பதை விவசாயிகள் அறிந்திருக்க வேண்டும்.

நன்மைகள்

வரப்பு, வாய்க்கால் கரை, குட்டைக் கரை ஆகிய இடங்களில் அருகு மண்ணை இறுகப் பிடித்து மழைநீர் அரிப்பைத் தடுக்கிறது. மாடுகள் மிதித்தாலும், ஆடுகள் ஒட்ட மேய்ந்தாலும் மீண்டும் துளிர்க்கும். இளம்புல்லைக் கால்நடைகள் விரும்பித் தின்னும். முற்றிய புல்லில் சத்து குறைந்து நார் மிகும். ஆயினும், தீவனத்துக்கென்றே நிலம் ஒதுக்குவோருக்கு அருகு ஏற்றதன்று. பாசன வசதி இருந்தால் கம்பு நேப்பியர் ஒட்டுப்புல் பன்மடங்கு பசுந்தீவனம் தரும்.

தீமைகள்

அருகு தரைமேல் படரும் தண்டு, மண்ணுக்குள் ஓடும் தண்டு, விதை ஆகிய மூன்று வழிகளில் பரவுகிறது. கணுவுள்ள சிறு துண்டும் ஈரம் கிடைத்தால் தனிச் செடியாகிவிடும். பயிருக்கு இடும் உரத்தையும் நீரையும் இது பங்கு போட்டுக்கொள்ளும். நெல்லைத் தாக்கும் இலைச்சுருட்டுப் புழுவும் கதிர்நாவாய்ப் பூச்சியும் வரப்புப் புல்லில் தங்கிப் பெருகக்கூடும். எனவே வரப்பிலும் புல்லை உயர விடாமல், அவ்வப்போது அறுத்து மாட்டுக்குப் போட வேண்டும்.

ஒழிக்கும் முறை

அருகு மண்டிய நிலத்தில் ஈரம் இருக்கும்போது சுழல் கலப்பை ஓட்டுவது பெருந்தவறு. தண்டு துண்டுதுண்டாகி நிலமெங்கும் நட்டதுபோல் ஆகிவிடும்.

கோடையில் சட்டிக் கலப்பையால் ஆழ உழுது, கட்டிகளை உடைக்காமல் வெயிலில் காயவிட வேண்டும். மேலே வந்த தண்டுகளைப் பொறுக்கிக் காயவைத்து எரிக்கலாம். பச்சையாக எருக்குழியில் போடக்கூடாது. உழுதபின் கோடை மழை பெய்தால் மீதித் துண்டுகள் துளிர்க்கும். துளிர் கண்டதும், மண் காய்ந்த பிறகு மறுபடியும் உழ வேண்டும். ஒரே உழவில் அருகு ஒழியாது.

அருகு நிழலைத் தாங்காது. ஆகவே அடுத்த பருவத்தில் தக்கைப்பூண்டு, தட்டைப்பயறு போன்று விரைவில் நிலத்தை மூடும் பயிரை நெருக்கமாக விதைக்கலாம். அருகு உள்ள வயலில் ஓட்டிய கலப்பையைச் சுத்தம் செய்த பிறகே அடுத்த வயலில் இறக்க வேண்டும்.

இவ்வாறு அருகை வரப்போடு நிறுத்தினால் கரையும் காக்கப்படும். களைக் கூலியும் மிச்சமாகும்.