கிரியோல் இறால் குழம்பு



அமெரிக்காவின் தென்பகுதியில், மிசிசிப்பி ஆற்றங்கரையில் நியூ ஆர்லியன்ஸ் என்னும் துறைமுக நகரம் உள்ளது. 1718ஆம் ஆண்டில் பிரெஞ்சுக்காரர் நிறுவிய அந்நகரைப் பின்னர் ஸ்பானியரும் ஆண்டனர். ஆப்பிரிக்காவிலிருந்து அடிமைகளாகக் கொண்டுவரப்பட்டோர் அங்கே வயலிலும் அடுக்களையிலும் உழைத்தனர். இம்மக்கள் அனைவரின் சுவையும் கலந்து பிறந்ததே கிரியோல் சமையல். அதில் எளிய உணவு ஒன்றைக் காண்போம்.

நால்வருக்கு அரைக் கிலோ இறால் போதும். உரித்த ஓடுகளையும் தலைகளையும் எறியாமல், இரண்டு குவளை நீரில் 20 நிமிடம் கொதிக்கவைத்துச் சாற்றை வடித்துக்கொள்க. வெங்காயம், செலரித் தண்டு, பச்சைக் குடமிளகாய் ஆகியவற்றைப் பொடியாக நறுக்கி வெண்ணெயில் வதக்குக. இம்மூன்றுமே கிரியோல் சமையலின் அடிப்படை. பூண்டு, தக்காளி, மிளகாய்த்தூள், பிரிஞ்சி இலை, உப்பு ஆகியவற்றைச் சேர்த்து, சாற்றை ஊற்றிச் சிறு தீயில் 20 நிமிடம் வேகவிடுக. இறாலை இறுதியில் இடுக. 3 அல்லது 4 நிமிடத்தில் அது சிவந்து சுருளும், உடனே இறக்குக. மேலும் வெந்தால் ரப்பர்போல் இறுகிவிடும். சூடான சோற்றின்மீது ஊற்றிப் பரிமாறுக. அடுப்பருகே பெரியோர் துணை இருத்தல் வேண்டும்.

அன்று அடுப்படியில் உழன்ற அடிமை மக்களுள் பெரும்பாலோரின் பெயரை எவரும் எழுதிவைக்கவில்லை. அவர்தம் கைப்பக்குவமோ இன்றும் வாழ்கிறது. உணவை உண்ணும்போது, அதனை ஆக்கித் தந்த உழைப்பாளரையும் நினைத்தல் நம் கடமையாகும்.